ஞானாம்பிகை எழுதின மொட்டைப் பெட்டிசம்

பண்டத்தரிப்புப் பக்கம் ஒரு ஒழுங்கைக்குள் ஞானாம்பிகை என்று ஒருத்தி வேலையில்லாமல் இருந்தாள். எவ்வளவு வேலையில்லாமல் இருந்தாள் என்று கேளுங்கள்: விடிய நாலரைக்கு எழும்பினால், இரவு பாயை விரிக்கிற வரைக்கும் குந்தி இருந்து ஒரு தேத்தண்ணி குடிக்க நேரமிராது.

ஐந்தரைக்கு ஓ.எல். சோதினை எடுக்கிற பிள்ளைகள் பன்னிரண்டு பேர் கிடுகுக் கொட்டிலுக்குள் வந்துவிடுவார்கள். கணக்கும் தமிழும். அவர்கள் பள்ளிக்கூடம் போனதும் இவள் சங்கக்கடை வரிசைக்குப் போவாள். தன் வீட்டுக் கூப்பன் மட்டையோடு வேறு மூன்று வீட்டு மட்டைகளையும் கொண்டுபோய் நிற்பாள். அந்த வீட்டுக்காரிகளில் ஒருத்திக்குக் கால் ஏலாது, மற்ற இரண்டு பேருக்கும் மனம் ஏலாது. வந்ததும் மிளகாய், மல்லி வறுத்து உரலில் இடிப்பாள். மின்சாரம் போய் மூன்று வருடம், மில்லுகள் எல்லாம் படுத்துவிட்டன, ஊருக்கு உறைப்பு மட்டும் குறையவில்லை. மத்தியானம் தையல் மெசின். பின்னேரம் சின்னப் பிள்ளைகளின் ரியூசன். பொழுதுபட்டால் ஜாம் போத்தல் விளக்குக்குக் கிட்ட இருந்து, மகன்மார் சுவிசிலும் ஜேர்மனியிலும் இருக்கிற தாய்மாருக்குக் கடுதாசி எழுதுவாள், படிவம் நிரப்புவாள்.

இப்படிப்பட்டவளைப் பற்றி ஆராவது விசாரித்தால், தாய் பத்மாவதி பெருமூச்சு விட்டுக்கொண்டு சொல்லுவாள்: "அவளுக்கு ஒண்டும் சரிவரேல்லை. படிச்ச படிப்பெல்லாம் வீணாப்போய் வீட்டோடை கிடக்கிறாள்."

தாயைக் குறை சொல்லக்கூடாது. எங்கள் ஊரில் வேலை என்றால் கந்தோர். கந்தோர் என்றால் ஒரு கதிரை, ஒரு மேசை, மாசம் முடியச் சம்பளம், கடைசிக் காலத்துக்குப் பென்சன். மற்றதெல்லாம் கைச்செலவுக்குச் செய்கிற கண்டறியாத வேலைகள். காசு கையில் இல்லாத காலம், ஆகவே சனங்கள் தேங்காயும் முட்டையும் மண்ணெண்ணெயும் கொண்டுவந்து கொடுத்தார்கள். தேங்காய்க்குச் செய்கிற வேலையை உத்தியோகம் என்று ஆர் சொல்லுவான்? ஞானமும் அப்படித்தான் நம்பினாள். அதுதான் எனக்குப் பொறுக்க முடியாத விசயம்.

எண்பத்துமூன்றில் ஏ.எல். சோதினை மறுமொழி வந்தபோது அவளுக்கு நாலு பாடமும் பாஸ். கம்பசுக்கு மூன்று புள்ளி காணாது. சரி, எழுதுவினைஞர், அதுதான் கிளாக்கர், வேலைக்குப் போட்டாள். நேர்முகத்துக்குக் கொழும்புக்கு வரச்சொல்லிக் கடுதாசி வந்தது. திகதி ஆகஸ்ட் முதற் கிழமை. அந்த வருட ஆடி மாதம் கொழும்பில் தமிழருக்கு நடந்ததற்குப் பிறகு நேர்முகத்துக்கு ஆர் போனது? எண்பத்தேழில் யாழ்ப்பாணத்திலேயே ஒரு நேர்முகம். பாதி வழியில் ஊரடங்கு என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். தொண்ணூறில் வந்த அழைப்பு, நேர்முகம் முடிந்து ஆறாவது கிழமை தபாற்காரனின் பையிலிருந்து வெளியே வந்தது. இதற்கிடையில் தகப்பனும் நெஞ்சு வருத்தத்தில் போய்ச் சேர்ந்தார். உத்தியோகம் பார்க்காத பெண்ணுக்கு மாப்பிள்ளை பார்ப்பதில் ஒரு சிக்கல் இருந்தது, மாப்பிள்ளைமாருக்கு அதில் ஒரு சிக்கலும் இருக்கவில்லை, அவர்கள் வேறு வீட்டுக்குப் போனார்கள்.

தொண்ணூற்றுமூன்றில் இன்னொரு கதவு திறந்தது. பக்கத்துக் கந்தோர் ஒன்றில் எழுதுவினைஞர் இடம் ஒன்று காலி. வேலையற்ற யுவதிகளுக்கு மட்டுமாம். வயதெல்லை முப்பது. ஞானத்துக்கு வருகிற தையோடு முப்பது முடிகிறது. இதுவும் தவறினால் இனி விண்ணப்பம் போடவே உரிமை இல்லை. 'எதுவித தொழிலோ வருமானமோ அற்றவர்' என்று கிராம அதிகாரியான விதானையாரின் உறுதிக் கடிதம் ஒன்றும் இணைக்க வேண்டும்.

விதானையார் தியாகராசா நல்ல மனுசன். ஞானம் போனபோது அவருடைய மூத்தவள் விறாந்தையில் இருந்து, ஞானம் கொடுத்த கணக்கைச் செய்துகொண்டிருந்தாள். விதானையாரின் பெண்சாதி, ஞானம் தைத்த சட்டையோடு வந்து, ஞானம் இடித்த தூளை வாங்கிக்கொண்டு குசினிக்குள் போனாள். விதானையார் பேனையைத் திறந்து, முத்திரை குத்தி, கண் கலங்குகிற அளவுக்கு இரக்கத்தோடு எழுதினார்: 'எனது பிரிவில் வசிக்கும் இவர் எதுவித தொழிலும் இன்றி வீட்டிலேயே இருந்து வருகிறார் என்பதை நானறிய உறுதிப்படுத்துகிறேன்.'

"பிள்ளை, உனக்கு இது கிடைக்கவேணும். பத்து வரியமா ஒரு வேலையும் இல்லாமல் கஷ்டப்படுறாய்," என்றார். பிறகு சொன்னார்: "அது சரி, நாளைக்குப் பின்னேரம் இவள் சின்னவளையும் ரியூசனுக்கு அனுப்பட்டோ?"

"அனுப்புங்கோ ஐயா," என்று ஞானம் சொல்லிவிட்டு வந்தாள். அவளுக்கு அதில் ஒரு பிழையும் தெரியவில்லை.

இப்போது அவள் செய்த இன்னொரு வேலையைப் பற்றிச் சொல்லவேண்டும். பெட்டிசம். எங்கள் பக்கத்தில் கமமும் புகையிலையும் எப்படியோ, அப்படித்தான் மொட்டைப் பெட்டிசமும். வேலி அரக்கினவன், கிணற்றுப் பங்கு கொடாதவன், மகளுக்கு வந்த சம்பந்தத்தைக் குழப்பினவன், எல்லாருக்கும் எதிராய் மேலிடத்துக்குப் பேர் போடாத கடுதாசி ஒன்று போகும். ஞானத்திடம் எழுதுவிக்க வருபவர்கள் அதிகம். ஏனென்றால் அவள் எழுதினால் வாசிக்கிற அதிகாரிக்கு இரத்தம் கொதிக்கும். தன் கையெழுத்து தெரியாமல் நிமிர்ந்த அச்செழுத்தில் எழுதுவாள். அதோடு ஒரு நேர்மையும் வைத்திருந்தாள்: எதிராளியின் பேரைக் கேட்கமாட்டாள். பேர் வருகிற இடத்தில் புள்ளி புள்ளியாய்க் குத்திவிடுவாள், கொண்டுபோகிறவர்கள் தாங்களே நிரப்பிக்கொள்ள வேண்டியது. ஆருக்கு என்று தெரியாவிட்டால் பாவமும் இல்லை, ஊரில் முகம் பார்க்கவும் வெட்கமில்லை என்பது அவள் கணக்கு.

விண்ணப்பம் போட்டு மூன்று கிழமையால், நாலாம் வீட்டுப் பூரணம் வந்தாள். கையில் அரைப் போத்தல் மண்ணெண்ணெய், மடியில் ஒரு கட்டிச் சவர்க்காரம். அந்தக் காலத்தில் வாசச் சவர்க்காரம் என்றால் கலியாணச் சீதனத்தில் வைக்கலாம்.

"பிள்ளை, எனக்கில்லை. கரவெட்டியிலை எங்கடை சொந்தத்துக்கு," என்று பூரணம் குரலைத் தாழ்த்தினாள். "அங்கை ஒருத்தி, ரியூசன் குடுக்கிறாள், தைக்கிறாள், என்னென்னவோ செய்து உழைக்கிறாள். இப்ப கந்தோரிலை வேலை கேட்டுத் தான் ஒண்டுமில்லாதவள் எண்டு எழுதிக் குடுத்திருக்கிறாளாம். எங்கடை பெட்டைக்கு வரவேண்டிய இடம். நல்லா உறைக்கிறமாதிரி ஒண்டு எழுது பார்ப்பம்."

"வேறை என்ன செய்யிறவ எண்டு தெரியுமோ மாமி? விபரமா இருந்தால்தான் எடுபடும்."

"எனக்கென்ன தெரியும்? அப்பிடிப்பட்டவள் என்னென்ன செய்வாள் எண்டு நீதானே யோசிச்சுப் போடவேணும்."

ஞானம் யோசித்தாள். அப்படிப்பட்ட ஒருத்தி என்ன செய்வாள் என்று அவளை விட ஆருக்குத் தெரியும்? விடிய எழும்புவது முதல் கடுதாசி எழுதுவது வரைக்கும் ஒன்றும் விடாமல் போட்டாள். எழுத எழுத அந்தக் கரவெட்டிக்காரியில் எரிச்சலும் வந்தது. இவ்வளவு உழைப்பை வைத்துக்கொண்டு, உண்மையாக வேலையில்லாமல் கிடக்கிற தன்னைப் போன்றவர்களின் சோற்றில் மண் போடப் பார்க்கிறாளே, நாசமாய்ப் போவாள்! அந்த எரிச்சலில் பெட்டிசம் மிக நன்றாக வந்தது. 'இத்தனை தொழில் புரியும் ஒருவரைத் தொழிலற்றவர் என்பது உழைப்பையே அவமதிப்பதாகும்' என்று ஒரு வசனம் போட்டுவிட்டு, அதைத் தானே இரண்டு தரம் வாசித்தாள். பூரணத்துக்கும் வாசித்துக் காட்டினாள்.

"அச்சாப்பிள்ளை!" என்று சொல்லி, பூரணம் அதை மடித்து மடிக்குள் வைத்துக்கொண்டு போனாள்.

ஒரு மாதத்தால் ஞானத்துக்குக் கந்தோரிலிருந்து கடுதாசி வந்தது. விண்ணப்பம் தொடர்பான ஒரு முறைப்பாட்டை விசாரிக்க வேண்டுமாம். தாயும் மகளும் சைக்கிளில் போனார்கள். பழைய கந்தோரில் ஷெல் விழுந்தபிறகு அது ஒரு வீட்டு விறாந்தைக்கு மாறியிருந்தது. "என்னையும் கேட்டாரெண்டால் நான் சொல்லுறன், இவள் ஒரு துரும்பும் எடுத்துப் போடுறேல்லை எண்டு," என்று பத்மாவதி ஆயத்தமாய் வந்திருந்தாள். அவளை வெளியே வேப்பமரத்துக்குக் கீழே இருக்கச் சொல்லிவிட்டார்கள்.

விசாரணை அதிகாரி செபநாயகம், குருநகர் ஆள். தலை நரைத்த, அவசரப்படாத மனுசன்.

"இரும் பிள்ளை. உம்மைப்பற்றி ஒரு பெட்டிசம் வந்திருக்கு. மொட்டைப் பெட்டிசத்தை நான் வழக்கமாக் கிழிச்சு எறியிறனான். ஆனா இது அந்தமாதிரி எழுதியிருக்கு. இருபத்தாறு வரியச் சேவையிலை இப்பிடி ஒண்டை நான் வாசிக்கேல்லை."

தாளை மேசையில் விரித்தார். நிமிர்ந்த அச்செழுத்து. மேலே புள்ளி குத்தின இடத்தில், நண்டு ஊர்ந்தது போல வேறொரு கையால் எழுதியிருந்தது: ஞானாம்பிகை.

கரவெட்டி! குறுக்காலை போவாள், அரைப் போத்தல் எண்ணெய்க்கு என்ரை கையாலேயே என்ரை கண்ணைக் குத்துவிச்சுப் போட்டாளே! அவளுக்குக் கத்த வேண்டும்போல இருந்தது. ஆனால் என்னவென்று கத்துவது? இதை எழுதினது நான்தான் என்றால், பெட்டிசம் எழுதுகிறதும் ஒரு தொழிலாய் அந்தப் பட்டியலில் ஏறும். வாயை மூடிக்கொண்டு எல்லாவற்றையும் மறுப்பது என்று முடிவெடுத்தாள்.

செபநாயகம் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, பிரசங்கத்துக்கு வாசிப்பது போல வாசித்தார். "'கதிரவன் எழுமுன் எழுந்து பன்னிரு மாணவருக்குக் கல்வி புகட்டுகிறார்.' என்ன சொல்லுறீர்?"

"இல்லை ஐயா. பக்கத்துப் பிள்ளையள் வந்து தங்கடை பாட்டிலை படிக்குங்கள்."

"'நாளாந்தம் மூன்று கொத்து மிளகாய்த்தூள் இடித்து ஊருக்கு வழங்குகிறார்.'"

"அது வீட்டுக்கு ஐயா."

"மூண்டு கொத்தோ?"

"அம்மாவுக்கு உறைப்பு வேணும் ஐயா."

செபநாயகம் வெளியே வேப்பமரத்தடியில் இருந்த அந்த மெலிந்த உருவத்தை ஒருக்கால் எட்டிப் பார்த்துவிட்டு, மேலே வாசித்தார். சங்கக்கடை வரிசை. மறுத்தாள். கடுதாசி. மறுத்தாள். தையல் வந்தது. "ஊசியிலை நூல் கோக்கவே எனக்குக் கண் தெரியாது ஐயா," என்றாள்.

வாயால் இல்லை, இல்லை என்று சொல்லச் சொல்ல, உள்ளுக்குள் வேறொன்று நடந்துகொண்டிருந்தது. பத்து வருடத்தில் முதல்முறையாக ஒரு அதிகாரி, கதிரையில் இருந்து, கண்ணாடி போட்டு, அவள் செய்கிற வேலைகளை ஒவ்வொன்றாய் உரத்து வாசிக்கிறார். கோயில் திருவிழாவில் நாதசுரக்காரருக்குப் பொன்னாடை போர்க்கும்போது வாசிக்கிற வாழ்த்து மடலைப் போல இருந்தது அவளுக்கு. நான் இவ்வளவு செய்கிறேனா? அவளுக்கு ஒரே புளுகம், சந்தோசம் பிடிபடவில்லை.

வாசித்து முடித்து, செபநாயகம் தாளைக் கவிழ்த்து வைத்தார். "எரிச்சலிலை ஆரோ எழுதியிருக்கினம். நல்லா எழுதத் தெரிஞ்ச ஆள், பாவம், புத்தி பிழையாப் போச்சு. விதானையாரின்ரை கடுதாசி தெளிவா இருக்கு. நான் உதைத் தள்ளிப்போட்டு உமக்கே எழுதிவிடுறன்."

பேனையைக் கையில் எடுத்தார். கதிரை, மேசை, சம்பளம், பென்சன் எல்லாம் அந்தப் பேனை நுனிக்கு வந்துவிட்டன.

பெட்டிசம் எழுதுவிக்கிறவர்களிடம் ஒரு பழக்கம் உண்டு. எவ்வளவு உறைப்பாய் எழுதிக் கொடுத்தாலும் அவர்களுக்குப் போதாது. தபாலில் போடமுன்னம் தங்கள் கையாலும் ஒரு வரி சேர்க்காவிட்டால் நித்திரை வராது. பூரணத்துக்கு மட்டும் வருமா?

"ஓ, பின்பக்கத்திலையும் ஒரு வரி கிடக்கு. வேறை கையெழுத்து," என்று செபநாயகம் கவிழ்த்து வைத்த தாளைக் குனிந்து பார்த்தார். "'உவள் தைக்கிற சட்டையள் ஒரு தோய்வையோடை பிரிஞ்சு போம்.'"

"பொய்!"

ஞானம் எழும்பின வேகத்தில் கதிரை பின்னால் விழுந்தது.

"ஆர் சொன்னது? பத்து வரியமாத் தைக்கிறன் ஐயா! ஒரு சட்டை, ஒரே ஒரு சட்டை பிரிஞ்சதெண்டு கொண்டுவந்து காட்டச் சொல்லுங்கோ பார்ப்பம்! உதை எழுதின மனுசியின்ரை மோள் பெரியபிள்ளையான சாமத்தியவீட்டுச் சட்டையை நான்தான் தைச்சனான், இண்டைக்கும் ஒரு தையல் விடேல்லை. நீங்கள் போட்டிருக்கிற சேட்டைப் பாருங்கோ ஐயா, தோள்மூட்டிலை ஒற்றைத் தையல், அதுவும் கோணல். நான் எண்டால் ஓரம் மடிச்சு இரட்டைத் தையல் போடாமல் ஒருத்தருக்கும் குடுக்கமாட்டன்!"

செபநாயகம் குனிந்து தன் தோளைப் பார்த்தார். பிறகு பேனையை மெல்ல மூடி மேசையில் வைத்தார்.

"பிள்ளை, தைக்கிறனீரோ எண்டுதான் நான் கேட்டனான். நல்லாத் தைக்கிறனீரோ எண்டு கேக்கேல்லை."

ஞானம் விழுந்த கதிரையை நிமிர்த்தி வைத்தாள், ஆனால் அதில் இருக்கவில்லை. பாருங்கள், அத்தனை உண்மையையும் கண்ணை மூடிக்கொண்டு விழுங்கினவள், ஒரு பொய்யை விழுங்க முடியாமல் கெட்டாள். அந்த வரி இல்லாவிட்டால் வேலை அவளுக்குத்தான்.

"இனி மறைச்சு என்ன ஐயா," என்றாள். தலை குனியவில்லை. "எல்லாம் உண்மை. அந்தக் கடைசி வரி மட்டும் பொய். மற்றது முழுக்க நான்தான் எழுதினது."

"என்ன, நீரோ?"

அவள் கரவெட்டிக் கதையைச் சொன்னாள். செபநாயகம் சிரிக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றி, சேட்டு நுனியில் துடைத்து, திரும்பப் போட்டார்.

"அப்ப உந்தப் பெட்டிசம் எழுதுற வேலையையும் சேர்த்துப் போடட்டோ?"

"போடுங்கோ ஐயா. பெட்டிசம், கடுதாசி, படிவம். ஒண்டையும் விடவேண்டாம்."

அவர் எழுதினார். மேசைக்கு இந்தப் பக்கம் நின்று தலைகீழாய் வாசித்தாள்: 'விண்ணப்பதாரி தொழில் உள்ளவர் என விசாரணையில் உறுதியாகியுள்ளது. தெரிவு செய்வதற்குத் தகுதியற்றவர்.'

"சட்டம் அப்பிடி, பிள்ளை. எனக்கு வேறை வழியில்லை," என்றார். அவருக்கும் மனம் சரியில்லை என்பது தெரிந்தது.

வேப்பமரத்தடியில் நடந்ததைக் கேட்டதும் பத்மாவதி தலையில் அடித்துக்கொண்டாள். "உனக்கென்ன விசரோடி? அவள் தையலைப் பழிச்சால் பழிச்சிட்டுப் போறாள். வேலை கைக்கு வந்திட்டுது, ஒரு நிமிசம் வாயைப் பொத்திக்கொண்டு இருக்க ஏலாதோ உனக்கு?" திட்டிக்கொண்டே சைக்கிளில் ஏறினாள். இரண்டு ஒழுங்கை தாண்டும்வரை திட்டினாள். மூன்றாவது ஒழுங்கையில் சத்தம் நின்றது. பிறகு பின்னாலிருந்து வேறு குரலில் கேட்டாள்: "பிரியுமெண்டோ எழுதினவள்? உன்ரை தையலோ? வரட்டும் அவள் இனி எங்கடை படலைக்கு."

வந்தாள். இரண்டு கிழமையால், வெட்கம் என்ற ஒன்றே இல்லாமல், கையில் ஒரு துணியோடும் அரைப் போத்தல் மண்ணெண்ணெயோடும் பூரணம் வந்தாள். மகள் கமலாவதிக்கு அந்த வேலை கிடைத்துவிட்டது. கமலாவதி உண்மையிலேயே வேலையில்லாதவள், அதில் ஒருத்தரும் பிழை சொல்ல முடியாது. குடிச்ச கோப்பையைக் கழுவி வைத்தாள் என்று ஒரு பெட்டிசம்கூட அவளுக்கு மேலே எழுத இயலாது.

"முதல் நாள் சீலையோடை போடுறதுக்குப் பிள்ளை. திங்கக்கிழமை போகவேணும். உன்னை விட்டால் ஆர் வடிவாத் தைக்கப்போகினம்?"

பத்மாவதி குசினிக்குள் இருந்து வெளியே வர எத்தனித்தாள். ஞானம் கையால் மறித்தாள்.

"தைச்சுத் தாறன் மாமி. முழுப் போத்தல்."

"என்ன கதை இது? எப்பவும் அரைப் போத்தல்தானே?"

"அது நான் வேலையில்லாமல் இருந்த காலம். இப்ப நான் தொழில் உள்ளவள் எண்டு கந்தோரிலை முத்திரை குத்தி எழுதிப் போட்டினம். நம்பாட்டில் உங்கடை கமலாவதியை ஃபைலை எடுத்துப் பார்க்கச் சொல்லுங்கோ. அவதானே இனி அங்கை இருக்கப்போறா. அந்தப் பெட்டிசமும் அதுக்குள்ளைதான் கிடக்கு, பின்பக்கத்தையும் வாசிக்கச் சொல்லுங்கோ."

பூரணத்தின் முகம் செத்துப்போனது. திரும்பிப் போய், முழுப் போத்தலோடு வந்து, அதைப் படியில் வைத்துவிட்டுப் போனாள். பத்மாவதி சிரித்த சிரிப்பு ஒழுங்கை முழுக்கக் கேட்டிருக்கும்.

ஞானமும் சிரித்தாள். தாய் போத்தலை எடுத்துக்கொண்டு உள்ளே போனபிறகு, மெசினில் முகத்தை வைத்துக்கொண்டு அழுதாள். பூரணத்துக்காக இல்லை, அந்த வேலைக்காகத்தான் அழுதாள். அவளுக்கு அது வேண்டியிருந்தது. பத்து வருடமாய் வேண்டியிருந்தது. அழுது முடிந்ததும் முகத்தைத் துடைத்துவிட்டுத் துணியை விரித்தாள். பூரணம் அளவுக்கு விட்டுப்போன பழைய சட்டையில் அளவு நாடாவைப் பிடித்தாள். திங்கட்கிழமை அந்தக் கதிரையில் சாயப்போகிற முதுகு, அகலம் பதினாலு அங்குலம்.

அவளுடையதும் பதினாலுதான்.